ரித்தி பானின் படங்களை எங்கிருந்து தொடங்குவது?

நீங்கள் கேட்டது இரண்டு கேள்வி. கம்போடிய ஆவணப்பட இயக்குநர் ரித்தி பானின் ‘தி மிஸ்ஸிங் பிக்சர்’ பார்த்திருக்கிறீர்கள். களிமண் பொம்மைகளை வைத்து எடுத்ததை எப்படி ஆவணப்படம் என்று சொல்கிறார்கள் என்பது ஒன்று. இடப்பெயர்வையும் நினைவையும் பற்றிய அவருடைய மற்ற படங்களை எந்த வரிசையில் பார்ப்பது என்பது இன்னொன்று. இரண்டாவதற்குப் பதில் சொல்லிக்கொண்டு வந்தாலே முதலாவதற்கும் பாதிப் பதில் கிடைத்துவிடும். அதனால் அங்கிருந்து தொடங்குகிறேன்.

பெரும்பாலானவர்கள் அந்தப் பொம்மைப் படம் வழியாகத்தான் இவரிடம் வந்து சேர்கிறார்கள். 2013இல் கான் விழாவில் ‘அன் செர்ட்டன் ரிகார்ட்’ பிரிவின் முதல் பரிசு அதற்குக் கிடைத்தது. அப்புறம் ஆஸ்கரின் வேற்றுமொழிப் படப் பிரிவில் இறுதிப் பட்டியல் வரைக்கும் போனது. கம்போடியாவிலிருந்து அங்கே போன முதல் படம் அதுதான். பேர் பரவியதில் வியப்பில்லை. ஆனால் அதை முதலில் பார்ப்பவர்களுக்கு பொம்மைகள் ஒரு புது உத்தியாக மட்டும் தெரிந்துவிடுகின்றன. கால் நூற்றாண்டாக ஒரே கேள்வியைச் சுமந்து திரிந்த ஒருவர் கடைசியில் போய்ச் சேர்ந்த இடம் அது. அந்தக் கேள்வி: எல்லாவற்றையும் பிடுங்கிக்கொண்டு விரட்டப்பட்ட மனிதரிடம் என்ன மிஞ்சுகிறது, அதை எப்படிப் படம் பிடிப்பது?

அவர் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், தெரியாமல் படங்களுக்குள் போக முடியாது. 1964இல் கம்போடியத் தலைநகர் ப்னோம் பென்னில் பிறந்தவர். அப்பா கல்வித் துறையில் இருந்தவர். 1975 ஏப்ரல் 17 அன்று கெமர் ரூஜ் என்ற கம்யூனிஸ்ட் இயக்கத்தின் படை நகரத்துக்குள் நுழைந்தது. அமெரிக்கா குண்டு போடப் போகிறது, சில நாளில் திரும்பி வந்துவிடலாம் என்று சொல்லி, ஏறக்குறைய 20 லட்சம் பேரை நகரத்தைவிட்டு நடக்கவைத்தார்கள். மருத்துவமனையில் படுத்திருந்தவர்களைக்கூட விடவில்லை. எல்லை தாண்டாமல், சொந்த நாட்டுக்குள்ளேயே அகதியானவர்கள் அவர்கள். கிராமத்தில் இருந்தவர்களுக்கு ‘பழைய மக்கள்’ என்று பேர், நகரத்திலிருந்து துரத்தப்பட்டவர்களுக்கு ‘புதிய மக்கள்’. துணியெல்லாம் கறுப்பு. பணம், பள்ளிக்கூடம், கோயில், குடும்பச் சாப்பாடு எதுவும் கிடையாது. மூன்று ஆண்டு, எட்டு மாதம், இருபது நாள் என்று கம்போடியர்கள் நாள்கணக்காகச் சொல்லும் அந்தக் காலத்தில் 15 முதல் 20 லட்சம் பேர் வரை செத்துப்போனார்கள். பானின் அப்பா, அம்மா, உடன்பிறந்தவர்களில் சிலர், உறவுக் குழந்தைகள் எல்லாரும் அதில் அடக்கம்.

1979இல் ஆட்சி கவிழ்ந்தபோது எல்லை தாண்டி தாய்லாந்தில் ஒரு முகாமுக்குப் போனார். அங்கிருந்து பிரான்ஸ். அங்கே தச்சுவேலை கற்றுக்கொள்ளத்தான் முதலில் தொழிற்பள்ளியில் சேர்ந்தார். ஒரு விருந்தில் யாரோ கையில் ஒரு வீடியோ கேமராவைக் கொடுக்கப்போய் சினிமா பக்கம் திரும்பி, பாரிஸின் ஐடெக் திரைப்படப் பள்ளியில் படித்தார். கொஞ்ச காலம் தன் வேரையே ஒதுக்கிவைத்துவிட்டு இருக்கப் பார்த்தவர். ஆனால் படிப்பை முடித்து எடுத்த முதல் படத்துக்குக் கேமராவைத் தூக்கிக்கொண்டு நேராகத் தாய்லாந்து எல்லை முகாமுக்குத்தான் போனார்.

அந்தப் படம் ‘சைட் 2’, 1989. நீங்கள் முதலில் பார்க்க வேண்டியது இதைத்தான்.

சைட் 2 என்பது முகாமின் பேர். ஊருக்குப் பேர் வைப்பது போலக்கூட வைக்கவில்லை, எண்தான். ஒன்றரை லட்சம் பேர் அளவில் அடைந்து கிடந்த இடம். பலர் வருடக்கணக்காக அங்கே இருந்தார்கள். சட்டக் கணக்கில் இவர்கள் அகதிகள்கூட இல்லை, ‘இடம்பெயர்ந்தோர்’. அதனால் ஐ.நா. அகதிகள் ஆணையத்தின் பொறுப்பில் வராமல், எல்லை நிவாரணத்துக்கென்று வைத்த வேறோர் ஐ.நா. அமைப்பின் பொறுப்பில் இருந்தார்கள். இந்த ஒரு சொல் மாறியதால் வேறு நாட்டுக்குப் போய்க் குடியேறும் வழி அவர்களுக்கு ஏறக்குறைய அடைபட்டுப்போனது. தண்ணீர் லாரியில் வரும், அரிசி லாரியில் வரும்.

பான் இந்தக் கூட்டத்தில் ஒரே ஒரு தாயை எடுத்துக்கொள்கிறார். அவர் பேசுகிறார், சமைக்கிறார், நீரை அளந்து செலவழிக்கிறார், ஊரை நினைத்துப் பார்க்கிறார். அவ்வளவுதான் படம். எண்ணிக்கை சொல்லி அதிரவைப்பதில்லை, நிபுணர் வந்து விளக்குவதில்லை. ஒரு முகத்துக்கு எதிரே போதுமான நேரம் உட்கார்ந்தால் அந்த முகம் முகாமைவிடப் பெரிதாகத் தெரியும் என்று அவர் நம்புகிறார். பின்னாளில் அவர் எடுத்த எல்லாமே இங்கே வித்தாக இருக்கிறது. அவரும் ஒரு காலத்தில் இதே மாதிரி ஒரு கூடாரத்தில் இருந்தவர்தான். ஆனால் படத்தில் தன்னைப் பற்றி ஒரு வார்த்தை பேசுவதில்லை. தன் கதையைச் சொல்ல அவருக்கு இன்னும் 24 வருடம் தேவைப்பட்டது.

முகாமில் பிறந்த பிள்ளைகளிடம் அரிசி எங்கிருந்து வருகிறது என்று அவர் கேட்டிருக்கிறார். ஐ.நா. லாரியிலிருந்து என்று பதில் வந்தது. கெமர் மொழியில் சாப்பிடுவதைச் சொல்லும் வழக்கே ‘சோறு உண்பது’ என்பதுதான். அப்படிப்பட்ட ஓர் இனத்தின் பிள்ளைகளுக்கு நெல் தெரியவில்லை. இந்தப் பதில்தான் அவரை 1994இல் ‘ரைஸ் பீப்பிள்’ என்ற கதைப்படத்துக்குத் தள்ளியது. ஒரு விவசாயக் குடும்பம், ஒரு போக நெல், அவ்வளவே கதை. உழுவது முதல் அறுப்பது வரை ஒவ்வொன்றையும் பொறுமையாகக் காட்டுகிறார். இடப்பெயர்வில் வீடு போவது கண்ணுக்குத் தெரியும். ஒரு வேலையைக் கை மறந்துபோவது தெரியாது. பான் அதைத்தான் கவனிக்கிறார்.

அடுத்து ‘தி லேண்ட் ஆஃப் வாண்டரிங் சோல்ஸ்’, 2000இல் வந்தது. ‘அலையும் ஆவிகளின் நிலம்’ என்று சொல்லலாம். இடப்பெயர்வு என்றால் போர்க்காலம் மட்டும் நினைவுக்கு வருபவர்கள் கட்டாயம் பார்க்க வேண்டிய படம். தாய்லாந்து எல்லையிலிருந்து வியட்நாம் எல்லை வரை கம்போடியாவின் குறுக்கே ஒளியிழை கேபிள் பதிக்கிறார்கள். அதற்குப் பள்ளம் தோண்டுவது இயந்திரம் இல்லை, மனிதக் கை. நிலமில்லாத விவசாயிகள், போர் முடிந்து வேலையற்றுப்போன பழைய சிப்பாய்கள், அவர்கள் மனைவி மக்கள். பள்ளம் நகர நகரக் குடும்பமும் சட்டி பானையோடு நகர்கிறது. மண்வெட்டி போடும் இடத்தில் வெடிக்காத கண்ணிவெடி வருகிறது, மனித எலும்பு வருகிறது. ஒழுங்காக அடக்கம் செய்யப்படாதவர்களின் ஆவி அலைந்துகொண்டிருக்கும் என்பது அங்கே நம்பிக்கை. அந்த மண்ணைத்தான் இவர்கள் கூலிக்குக் கிளறுகிறார்கள். தாங்கள் புதைக்கிற கேபிளில் குரலும் படமும் போகும் என்று கேட்டு, வீட்டில் மின்சாரமே இல்லாதவர்கள் அதைப் புரிந்துகொள்ளப் பார்க்கும் இடம் ஒன்று உண்டு. பான் அங்கே எதையும் அழுத்திச் சொல்வதில்லை. என் கணக்கில் அவருடைய மிகக் குறைவாகப் பேசப்பட்ட பெரிய படம் இது.

இனி எஸ்-21. இங்கே கொஞ்சம் நிற்க வேண்டும்.

ப்னோம் பென்னில் துவோல் ஸ்லெங் என்ற இடத்தில் ஒரு பள்ளிக்கூடத்தைச் சிறைச்சாலையாக மாற்றியிருந்தார்கள். அதன் குறியீட்டுப் பேர் எஸ்-21. 12,000க்கும் மேற்பட்டவர்கள் உள்ளே போனார்கள். உயிரோடு வெளியே வந்தவர்களை எண்ணிவிடலாம். உள்ளே கொண்டுவந்தவர்களைப் புகைப்படம் எடுத்தார்கள், வாக்குமூலம் எழுதவைத்தார்கள், அப்புறம் கொன்றார்கள். அந்தக் காகிதக் கட்டுகளில் ஒன்று ஹூத் போஃபானா என்ற இளம்பெண்ணுடையது. அவர் செய்த குற்றம், பிரிந்திருந்த கணவனுக்குக் காதல் கடிதங்கள் எழுதியது. கம்போடியாவின் ராமாயணமான ரியாம்கேர் அவருக்குள் ஊறியிருந்தது. கடிதங்களில் ‘சீதா’ என்று கையெழுத்திட்டார். மாதக்கணக்கில் வதைத்து, வாக்குமூலத்தைத் திரும்பத் திரும்ப மாற்றி எழுதவைத்து, 1977 மார்ச்சில் கணவனையும் அவரையும் கொன்றார்கள். 1996இல் பான் அந்தப் பெண்ணைப் பற்றி ‘போஃபானா’ என்ற படத்தை எடுத்தார்.

அந்தப் படப்பிடிப்பின்போது ஒன்று நடந்தது. எஸ்-21இல் உயிர் பிழைத்த ஓவியர் வான் நாத், கெமர் ரூஜ் தலைவர் போல் பாட்டின் உருவப்படங்களை வரையத் தெரிந்ததால் மட்டும் விட்டுவைக்கப்பட்டவர், படத்துக்காக அங்கே வந்திருந்தார். அதே இடத்தில் பழைய காவலர்களில் ஒருவரை எதிர்பாராமல் நேருக்கு நேர் சந்தித்துவிட்டார். பான் அதைத் திட்டமிடவில்லை; தவிர்க்கவே நினைத்திருந்தார். வான் நாத் அந்தக் காவலரைத் தான் வரைந்த ஓவியங்களுக்கு முன்னால் கூட்டிக்கொண்டு போய், நான் வரைந்திருப்பது சரியா, இப்படித்தான் நடந்ததா என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். பாதிக்கப்பட்டவர், தன் நினைவு பொய்யில்லை என்று எதிராளியின் வாயால் உறுதிசெய்துகொள்கிறார். 2003இல் வந்த ‘எஸ்-21: தி கெமர் ரூஜ் கில்லிங் மெஷின்’ படத்தின் கரு அன்றைக்கு விழுந்ததுதான்.

அந்தப் படத்தில் ஒரு காட்சியை எத்தனை முறை பார்த்தாலும் எனக்குப் பழகுவதில்லை. சிறுவயதிலேயே காவலராகச் சேர்க்கப்பட்ட ஒருவர், இப்போது வளர்ந்த ஆள், காலியான அறை வாசலில் நிற்கிறார். தன் ராத்திரி வேலையைச் செய்து காட்டச் சொல்கிறார்கள். பூட்டைத் திறக்கிற மாதிரி கை அசைக்கிறார். உள்ளே போகிறார். வெறும் தரையைப் பார்த்து “படுடா, எழுந்திருக்காதே” என்கிற தொனியில் அதட்டுகிறார். யாரோ தண்ணீர் கேட்டது போலப் போய்க் கொண்டுவந்து கொடுக்கிறார். மலச்சட்டியை எடுத்துவைக்கிறார். வெளியே வந்து கதவை மூடி, பூட்டை இழுத்துப் பார்க்கிறார், அடுத்த அறைக்கு நகர்கிறார். வார்த்தையில் கேட்டால் தடுமாறுகிற மனிதர் அவர். உடம்பு மட்டும் ஓர் இடத்திலும் தடுமாறவில்லை. இருபது வருடத்துக்கு மேல் ஆகியும் கை, கால், குரல் மூன்றும் பாடத்தை மறக்கவில்லை.

கேமராவைக் கவனியுங்கள். அவர் அறைக்குள் போகும்போது அது வாசலோடு நின்றுவிடுகிறது. உள்ளே போனால் தரையில் படுத்திருக்கும் கைதிகளை மிதிப்பது போலாகிவிடும் என்று பான் விளக்கியிருக்கிறார். அறை காலிதான். ஆனால் அந்த ஆளின் அசைவுகளால் அது நிரம்பிவிட்டது. இல்லாதவர்கள் அங்கே இருக்கிறார்கள் என்பதை மரியாதையாக ஏற்றுக்கொண்டு ஓர் அடி பின்னால் நிற்கிறது கேமரா. ஆவணப்படம் எடுக்க நினைக்கும் யாருக்கும் இந்த ஒரு நிமிடத்தைத்தான் நான் முதலில் காட்டுவேன்.

அந்தச் சிறையின் தலைவன் டூச் என்ற முன்னாள் கணக்கு வாத்தியார். எஸ்-21 படத்தில் அவன் இல்லை. 2011இல் அவனையே எதிரே உட்காரவைத்துப் பேசவிட்டு இன்னொரு படம் எடுத்தார் பான். கூர்மையான படம், ஆனால் எனக்கு அதில் மூச்சு முட்டும். டூச் நன்றாகப் பேசத் தெரிந்தவன். பேச்சு எங்கே முடிந்து தப்பித்தல் எங்கே தொடங்குகிறது என்று நாமே கவனித்துக்கொண்டே இருக்க வேண்டும். அதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

சரி, இப்போது பொம்மைகள்.

எஸ்-21 வரை பானுக்கு ஆட்கள் கிடைத்தார்கள்: பிழைத்தவர், காவலர், காகிதம், சுவர். தன் சொந்தக் குடும்பத்துக்கு அப்படி எதுவும் இல்லை. பழைய வாழ்க்கையின் புகைப்படத்தைக் கையில் வைத்திருப்பதே ஆபத்தாக இருந்த காலம் அது. கெமர் ரூஜ் எடுத்த படச்சுருள்கள் மட்டும் மிஞ்சியிருக்கின்றன. அதில் ஆயிரக்கணக்கானவர்கள் வரிசையாக மண் சுமக்கிறார்கள், தலைவர்கள் சிரித்துக் கைதட்டுகிறார்கள். பசி இல்லை, சாவு இல்லை. உண்மையான நிலைமையைப் படம் பிடித்த ஒரு கேமராக்காரரை அவர்களே வதைத்துக் கொன்றார்கள் என்பதையும் அந்தப் படம் சொல்கிறது.

இப்போது உங்கள் கேள்வியைத் திருப்பிக் கேட்டுப் பாருங்கள். அந்தப் பிரச்சாரச் சுருள் நிஜக் கேமராவில், நிஜ மனிதர்களை, நிஜ இடத்தில் எடுத்தது. அதை ஆவணம் என்று யோசிக்காமல் சொல்லிவிடுவோம். ஆனால் அது சொல்வது பொய். களிமண் பொம்மை யாரையும் ஏமாற்றுவதில்லை. நான் மண், என்னைச் செதுக்கி வர்ணம் பூசியிருக்கிறார்கள் என்று பார்த்தவுடனே சொல்லிவிடுகிறது. அதற்குப் பின்னால் ஒலிப்பது நேரில் இருந்து பார்த்தவரின் சாட்சியம். ஒரு சாட்சியத்தை அது சாட்சியம் என்று நமக்குத் தெரியும்படி வைத்தால் அது ஆவணப்படம்தான். என் தரப்பு இது. இதை ஏற்காதவர்களும் உண்டு, வகைப்பாட்டுச் சண்டையில் எனக்குப் பெரிய ஆர்வமில்லை.

பொம்மை வந்த விதமும் தெரிந்துகொள்ள வேண்டியது. தான் வளர்ந்த வீட்டைச் சின்ன மாதிரியாகச் செய்துதரும்படி சரித் மாங் என்ற கைவினைஞரைக் கேட்டார் பான். வீட்டோடு ஒரு மனிதனையும் செய்து பார்க்கச் சொன்னார். மண்ணில் பிசைந்து வந்த அந்தச் சின்ன உருவத்தைப் பார்த்ததும் படத்தின் வழி பிடிபட்டுவிட்டது. செத்தவர்கள் கலந்த அதே மண், தண்ணீர், வெயில்: பொம்மைக்கு வேண்டியது இவ்வளவுதான். நடிகர்களை வைத்திருந்தால் எலும்பும் தோலுமாக ஒரு குழந்தையை யாரையாவது நடிக்கவைத்திருக்க வேண்டும். அது எவ்வளவு அசிங்கமாகியிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

இன்னொன்றும் உண்டு. பொம்மைகள் அசைவதில்லை. அனிமேஷன் செய்து நடக்கவிட்டிருந்தால் கதையாகிப்போயிருக்கும். அவை நின்றபடி நிற்கின்றன, கேமராதான் அவற்றுக்கிடையே ஊர்ந்து போகிறது, தொலைந்த ஆளைத் தேடி ஒரு கூட்டத்துக்குள் நுழைகிறவர் மாதிரி. கறுப்பு உடுப்பு வரிசையில் ஒரு சிறுவன் பொம்மைக்கு மட்டும் புள்ளி போட்ட இளஞ்சிவப்புச் சட்டை. அது பான். நிஜத்தில் அவர் அங்கே அப்படி நின்றிருக்க முடியாது. ஆனால் அந்தச் சிறுவன் தன்னைத் தனக்குள் எப்படி வைத்திருந்தான் என்பது அந்தச் சட்டையில் இருக்கிறது.

அப்பாவின் சாவு வரும் பகுதியை மறுபடி ஒருமுறை போட்டுப் பாருங்கள். அவர் ஒரு கட்டத்தில் சாப்பிடுவதை நிறுத்திவிட்டார். மிருகத்துக்குப் போடுவது போல் போடுவதைத் தின்று உயிர் வாழ மாட்டேன், மனிதனாகவே சாகிறேன் என்பது அவர் முடிவு. செத்தபோது சடங்கு கிடையாது. அன்று ராத்திரி அம்மா பிள்ளைகளிடம், அப்பா போன்ற ஒரு வாத்தியாருக்கு நடந்திருக்க வேண்டிய இறுதிச் சடங்கை வார்த்தையிலேயே நடத்தி முடித்தார், யார் யார் வந்திருப்பார்கள், என்னென்ன செய்திருப்பார்கள் என்று. சொல்லால் ஓர் அடக்கம். பான் கலைஞனானது திரைப்படப் பள்ளியில் இல்லை, அந்த ராத்திரியில்தான் என்று எனக்குத் தோன்றும். நடக்காத சடங்கை அம்மா சொல்லால் நடத்தினார். எடுக்கப்படாத படத்தை மகன் மண்ணால் எடுத்தார்.

அதற்குப் பிந்தைய படங்களைச் சுருக்கமாகச் சொல்கிறேன். பிரெஞ்சுக்காரர்களின் காலனியக் காலச் சுருள்களை மட்டும் வெட்டி ஒட்டிய ‘ஃப்ரான்ஸ் இஸ் அவர் மதர் கன்ட்ரி’ (2015), பேச்சே இல்லாமல், எஜமானன் எடுத்த படத்தை வைத்தே எஜமானனைக் காட்டிக்கொடுக்கிறது. ‘எக்ஸைல்’ (2016) ஒரே ஒரு குடிசை, ஒரே ஓர் ஆள். புகலிடம் போனவனின் மனசுக்குள் இருக்கிற அறை. ‘கிரேவ்ஸ் வித்தவுட் எ நேம்’ (2018) எனக்கு மிகவும் பிடித்தது: குடும்பத்தாரின் எலும்பு எங்கே கிடக்கிறது என்று தேடி, மொட்டையடித்துக்கொண்டு, ஆவி அழைப்பவர்களிடமும் பிக்குகளிடமும் போகிறார். 2020இன் ‘இர்ரேடியேட்டட்’ பெர்லினில் ஆவணப்படப் பரிசு வாங்கியது. திரையை மூன்றாகப் பிரித்து உலகத்துப் பேரழிவுகளையெல்லாம் அடுக்குகிறது. உண்மையைச் சொன்னால், ஒரு முகத்துக்கு எதிரே பொறுமையாக உட்கார்ந்த அந்த ‘சைட் 2’ மனிதரை எனக்கு அதில் காணோம்.

படம் எடுத்ததோடு அவர் நிற்கவில்லை. 2006இல் ப்னோம் பென்னில் ஒரு ஒலி-ஒளி ஆவணக் காப்பகத்தைத் தொடங்கினார். கம்போடியாவைப் பற்றி உலகின் எந்த மூலையில் படச்சுருளோ ஒலிப்பதிவோ இருந்தாலும் பிரதி வாங்கிச் சேர்க்கிறார்கள். யார் வேண்டுமானாலும் காசில்லாமல் உட்கார்ந்து பார்க்கலாம். இளைஞர்களுக்குப் படமெடுக்கக் கற்றுக்கொடுக்கிறார்கள். அறுபதுகளிலும் எழுபதுகளின் தொடக்கத்திலும் வந்த நூற்றுக்கணக்கான கம்போடியப் படங்களில் பெரும்பகுதி அழிந்துபோன நாடு அது. அந்தக் காப்பகத்துக்கு அவர் வைத்த பேர் போஃபானா. காதல் கடிதங்களில் ‘சீதா’ என்று கையெழுத்திட்ட, கொல்லப்பட்ட அந்தப் பெண்ணின் பேரைச் சொல்லித்தான் இன்றைக்கு ஒரு கல்லூரி மாணவர் தன் தாத்தா காலத்து ஊரைப் பார்க்க வழி கேட்கிறார்.

ஆக வரிசை இது: ‘சைட் 2’, ‘தி லேண்ட் ஆஃப் வாண்டரிங் சோல்ஸ்’, ‘போஃபானா’, ‘எஸ்-21’, அப்புறம் ‘தி மிஸ்ஸிங் பிக்சர்’ இரண்டாவது முறை, கடைசியாக ‘கிரேவ்ஸ் வித்தவுட் எ நேம்’. எஸ்-21க்கு அடுத்த நாள் வேறு எதையும் வைத்துக்கொள்ள வேண்டாம். பொம்மைப் படத்தை ஆங்கில வர்ணனையில் பார்த்திருந்தால் இந்த முறை பிரெஞ்சு மூலத்தைத் துணைத்தலைப்போடு பாருங்கள். அந்தக் குரல் எங்கே வேகம் குறைகிறது, எங்கே நிற்கிறது என்பதைக் காதில் வாங்கிக்கொள்ளுங்கள். எஸ்-21இல் கேமரா வாசலோடு நின்ற மாதிரி, குரலும் சில கதவுகளுக்கு முன்னால் அப்படி நிற்கிறது.